தளிர்ச் சீர்

வியாழக்கிழமை பத்தரை மணியிலிருந்து பதினொன்றரைக்குள் மொக்கராசின் வலது காலை உடைத்துவிட வேண்டும் என்று ஜோசியர் நேரம் குறித்துக் கொடுத்திருந்தார். நேரம் தப்பிவிடக் கூடாதே என்று எட்டு மணிக்கெல்லாம் தேனி எலும்பு ஆஸ்பத்திரி வாசலில் கொட்டுக்காரர்கள் வந்து இறங்கிவிட்டார்கள். அவர்களுக்குப் பின்னால் பட்டுச்சேலை கட்டிய பெண்கள் பதினேழு பேர், ஆளுக்கொரு தாம்பாளத்தோடு. தேங்காய், பழம், வெற்றிலை பாக்கு, புது வேட்டி, துண்டு, கதம்ப மாலை. கல்யாண வீடு தோற்றுப்போகும்.

மாப்பிள்ளை மாதிரி வரவேண்டிய மொக்கராசு, பெண்டாட்டி பவுனுத்தாயோடு டவுன் பஸ்ஸில் வந்து இறங்கினான். நாற்பத்து நாலு வயசு. வாழைக்காய் மண்டியில் லோடுமேன். இடது காலை லேசாக இழுத்து இழுத்து நடந்து வந்தவனைப் பார்த்ததும் கொட்டு முழங்கியது, பெண்கள் குலவை போட்டார்கள். அவன் தங்கச்சி முத்துப்பேச்சி ஆரத்தித் தட்டை யார் கையிலோ கொடுத்துவிட்டு ஓடி வந்து அவன் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அண்ணே, ஒன்னையத்தாண்ணே நம்பியிருக்கேன். எம்புள்ள ரெண்டு காலும் இல்லாமக் கெடக்கான்."

"அழுகாத பேச்சி. நான் இருக்கேன்ல," என்றான் மொக்கராசு.

இந்தக் கூத்தெல்லாம் எப்படி ஆரம்பித்தது என்று சொல்லிவிடுகிறேன். எலும்பு முறிந்தால் உடம்பு சும்மா இருக்காது. முறிந்த இடத்தைச் சுற்றிப் பதினைந்து நாளில் குருத்து மாதிரி புது எலும்பு கட்ட ஆரம்பிக்கும். டாக்டர்கள் அதற்கு வாயில் நுழையாத பேர் வைத்திருந்தார்கள். நம் ஜனங்கள் தளிர் என்றார்கள். ஒருவருடைய தளிரைப் பதமான நாளில் எடுத்து இன்னொருவருடைய முறிவில் வைத்தால், நாலு மாதத்தில் சேரவேண்டிய எலும்பு ஒன்பதே நாளில் சேர்ந்துவிடும் என்று எட்டு வருஷத்துக்கு முன்னால் எவனோ கண்டுபிடித்துத் தொலைத்தான். ஆனால் கண்டவருடைய தளிரையும் உடம்பு ஏற்றுக்கொள்ளாது. தாய்வழி ரத்தம்தான் வேண்டும். தாயே கொடுக்கலாம் என்றால், முப்பத்தைந்தைத் தாண்டிய பெண்களுக்குத் தளிர் சரியாகக் கட்டுவதில்லை. ஆகக் கூடி, தாயோடு பிறந்தவன்.

மற்ற ஊர்களில் இதை எப்படி எடுத்துக்கொண்டார்களோ, தெரியாது. நம் பக்கத்தில் செய்தி வந்த அன்றைக்கே முடிவாகிவிட்டது. காதுகுத்துக்கு மடி கொடுக்கிறவன், சடங்குக்குச் சேலை கொண்டுவருகிறவன், கல்யாணத்துக்கு மாலை எடுத்துக் கொடுக்கிறவன், எலும்பு கொடுக்க மாட்டானா? தாய்மாமன் எதற்கு இருக்கிறான்? ஆறே மாதத்தில் அதற்குத் தட்டு, கொட்டு, முறை, பேர் எல்லாம் வந்துவிட்டது. தளிர்ச் சீர். மருமகன் கீழே விழுந்து கையை ஒடித்துக்கொண்டால் மாமனுக்கு ஆஸ்பத்திரியில் கையை ஒடித்துத் தளிர் எடுப்பார்கள். பெண் பார்க்க வருகிறவர்கள், "பொண்ணுக்குக் கூடப்பொறந்தவன் எத்தனை பேரு? எல்லாம் முழுசா இருக்காய்ங்களா?" என்று வெட்கமில்லாமல் கேட்டார்கள். ஏற்கெனவே கால் கொடுத்த அண்ணனை உடைய பெண் கொஞ்சம் மட்டம்தான். அண்ணன் தம்பிகள் பலர் திருப்பூர், துபாய் என்று போய் போன் நம்பரை மாற்றிக்கொண்டார்கள். அவர்களுடைய படத்தைச் சொந்தக்காரர்கள் வாட்ஸப்பில் போட்டு, இவனெல்லாம் ஒரு மாமனா என்று காறித் துப்பினார்கள்.

மொக்கராசு ஓடுகிற ரகமில்லை. நாலு வருஷத்துக்கு முன்னால் மருமகன் லோகேஸ்வரன் கல்லூரிக்குப் போகிற வழியில் பைக்கிலிருந்து விழுந்து தொடையை ஒடித்துக்கொண்டான். அன்றைக்கு மொக்கராசு தானாகவே வந்து இடது காலை நீட்டினான். லோகேஸ்வரன் பத்தாம் நாள் எழுந்து நடந்தான். தளிரைப் பறிகொடுத்த மொக்கராசின் கால் சேரப் பதினான்கு மாதம் ஆயிற்று, சேர்ந்ததும் கொஞ்சம் குட்டையாகச் சேர்ந்தது. இரண்டு தார் தூக்கினவன் ஒரு தார் தூக்கினான். அதையும் வலது காலில் பாரம் கொடுத்துத்தான் தூக்க முடிந்தது.

இப்போது அந்த வலது கால். போன வாரம் மண்டியில் தார் இறக்கிக்கொண்டிருந்தபோது போன் வந்தது. கம்பம் ரோட்டில் லாரிக்காரன் தட்டிவிட்டான், லோகேசுக்கு முழங்காலுக்குக் கீழே இரண்டு காலும் நொறுங்கிவிட்டது என்று முத்துப்பேச்சி கதறினாள். மொக்கராசு அத்தனை பேர் நடுவில் வாழைத்தார்மேல் உட்கார்ந்து வாய்விட்டு அழுதான். செருப்புக்கூடப் போடாமல் ஆஸ்பத்திரிக்கு ஓடினான். ஆனால் மருமகனைக் காட்டவில்லை. தளிர் எடுக்கிறவரை மாமனும் மருமகனும் முகம் பார்த்துக்கொள்ளக் கூடாது, பார்த்தால் எலும்பு சேராது என்று ஒரு முறை. அந்த முறைக்கே எட்டு வயசுதான், ஆனாலும் ஆதிகாலத்து முறை மாதிரி எல்லோரும் அதற்குப் பயந்தார்கள்.

ஆரத்தி முடிந்தது. முத்துப்பேச்சி ஏழு பக்கம் உள்ள காகிதத்தையும் பேனாவையும் நீட்டினாள். "கடைசிப் பக்கத்துல ஒரு கையெழுத்துண்ணே."

"ஏய்யா, என்னன்னு படிச்சுப் பாத்துப் போடு," என்றாள் பவுனு. அவள் காலையிலிருந்து வாயைத் திறக்கவில்லை. திறந்ததும் அங்கிருந்த பதினேழு தட்டும் அவளைத் திரும்பிப் பார்த்தன.

"பாத்தியாண்ணே, மதினி என்னைய நம்பல," என்றாள் முத்துப்பேச்சி.

மொக்கராசுக்குச் சுருக்கென்றது. எழுத்துக் கூட்டாமல் படிக்கத் தெரிந்தவன்தான். ஆனால் கூடப்பிறந்தவள் நீட்டுகிற காகிதத்தைச் சபையில் நின்று படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போட்டால் அவன் என்ன அண்ணன்? பெண்டாட்டியை ஒரு முறை முறைத்துவிட்டு, கடைசிப் பக்கத்தைப் புரட்டிப் பேரை எழுதினான். மறுபடியும் குலவை.

உள்ளே கொண்டுபோய் முதுகில் ஊசி போட்டார்கள். இடுப்புக்குக் கீழே உடம்பு இருப்பதே தெரியவில்லை. ஒரு துணித் திரைக்கு அந்தப் பக்கம் ரம்பம் ஓடும் சத்தம் மட்டும் கேட்டது. பதினொன்று பத்துக்கு டாக்டர் சகாயராணி, "ஆச்சு," என்றார்.

*

முதல் மூன்று நாள் மொக்கராசு பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தான். காலைச் சுற்றி இரும்பு வளையங்கள், வளையத்திலிருந்து எலும்புக்குள் போகும் கம்பிகள். வலிக்கு மாத்திரை கொடுக்க மாட்டார்கள். மாத்திரை போட்டால் தளிர் நோஞ்சானாக வரும். பவுனு பக்கத்தில் உட்கார்ந்து விசிறிக்கொண்டும் திட்டிக்கொண்டும் இருந்தாள்.

"ஒரு காலை வாங்கிக்கிட்டுத் திரும்பிப் பாத்தாளா ஒந்தங்கச்சி? பதினாலு மாசம் வீட்டுல கெடந்தியே, பதினாலு வாட்டி வந்திருப்பாளா?"

"சும்மா இருடி. புள்ள ரெண்டு காலும் போயிக் கெடக்கான்."

இந்தத் தடவை முத்துப்பேச்சி தினமும் வந்தாள். தினமும் தூக்குவாளியில் ஆட்டுக்கால் சூப்பு. மிளகு தட்டிப்போட்டு, கொதிக்கக் கொதிக்க, பக்கத்திலேயே நின்று குடிக்க வைத்தாள். குடித்து முடித்ததும் நர்ஸிடம் போய், "தளிரு எப்படிம்மா வருது?" என்று விசாரித்தாள். அண்ணன் எப்படி இருக்கிறான் என்று விசாரிக்கவில்லை. பவுனு அதைக் கவனித்தாள். மொக்கராசு கவனிக்கவில்லை. சூப்பு ருசியாக இருந்தது, தங்கச்சிக்குப் பாசம் வந்துவிட்டதென்று அவனுக்குச் சந்தோஷமாக இருந்தது.

பதிமூன்றாம் நாள் காலையில் சகாயராணி படத்தோடு வந்தார். ஐம்பது வயசு, கறார் பேச்சு, ஆனால் பொய் சொல்லத் தெரியாத முகம்.

"தளிர் நல்லா கட்டியிருக்கு மொக்கராசு. உங்க வயசுக்கு இவ்வளவு எதிர்பார்க்கல. நாளை மறுநாள் எடுத்துடலாம். சட்டப்படி உங்ககிட்ட ஒரு தடவை எல்லாத்தையும் சொல்லணும், கேட்டுக்குங்க. இதுல பாதி லோகேஸ்வரனோட வலது காலுக்கு, பாதி இடது காலுக்கு. ஒவ்வொரு கால்லயும் நாலு சென்டிமீட்டர் நீட்டிப்பு..."

"நீட்டிப்புன்னா?"

"அதான், உயரம் கூட்டுறது."

மொக்கராசு சிரித்தான். "ஆள் மாத்திச் சொல்றீங்கம்மா. எம்மருமகன் லாரில அடிபட்டவன்."

சகாயராணி படத்தைக் கீழே வைத்தார். கொஞ்ச நேரம் அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். "நீங்க படிச்சுப் பாத்துதானே கையெழுத்துப் போட்டீங்க?"

பவுனு விசிறியை நிறுத்தினாள்.

"லாரியெல்லாம் இல்லைங்க," என்றார் சகாயராணி மெதுவாக. "எஸ்.ஐ. வேலைக்கு உயரம் நாலு சென்டிமீட்டர் பத்தலை. எலும்பை வெட்டி இடைவெளி விட்டு வெச்சு, அந்த இடைவெளியில தளிரை நிரப்பினா அவ்வளவும் எலும்பாயிடும். போன வருஷத்திலிருந்து இதுக்கு அனுமதி இருக்கு, மாமன் சம்மதிச்சா. உங்க காலை வெட்டின அன்னைக்கு அவருக்கு ரெண்டு காலும் நல்லாத்தான் இருந்துச்சு. உங்களுக்குத் தளிர் ஒழுங்கா வருதான்னு பாத்துட்டு, பத்தாம் நாள்தான் அவருக்கு வெட்டினோம். முதல்ல அவருக்கு வெட்டிட்டு உங்களுக்குத் தளிர் வராமப் போயிட்டா அவர் கதி என்ன ஆகறதுன்னு உங்க தங்கச்சிதான் அப்படிக் கேட்டாங்க."

"நல்லா இருப்பாளா அவ!" என்று பவுனு மண்ணை வாரித் தூற்றுகிற மாதிரி கையை வீசினாள். "விளங்குவாளா! பாவி, பாவி!"

மொக்கராசுக்கு அந்த நேரத்தில் கோபம் வரவில்லை. வாழைத்தார்மேல் உட்கார்ந்து தான் அழுதது நினைவுக்கு வந்தது. கூட வேலை பார்க்கிறவர்கள் சோடா வாங்கிக் கொடுத்துத் தேற்றினார்கள். அந்த நேரத்தில் லோகேசு வீட்டில் காலை நீட்டி டிவி பார்த்துக்கொண்டிருந்திருப்பான். அவமானம்தான் முதலில் வந்தது, அதுவும் காது மடலெல்லாம் சுடுகிற அவமானம்.

"நான் குடுக்க மாட்டேன்னா என்னாகும்?"

"மாட்டேன்னு சொல்ல உங்களுக்கு உரிமை இருக்கு. ஆனா அவர் எலும்பு முனை ரெண்டையும் மருந்து போட்டுத் திறந்து வெச்சிருக்கோம். இனி தளிர் வெச்சாத்தான் மூடும். இன்னும் ஆறு நாள்ல வைக்கலேன்னா முனை செத்துடும். பழையபடி ஒட்டவைக்கவும் முடியாது. ரெண்டு காலும் தரையில ஊனவே முடியாமப் போயிடும்."

"குடுத்தா?"

"உங்களுக்குச் சர்க்கரை இருக்கு. இடது கால் ஏற்கெனவே பலமில்ல. முழுசா சுரண்டி எடுத்துட்டா..." சகாயராணி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "பத்துக்கு எட்டு, உங்க கால் சேராது. தார் தூக்குறத மறந்துடுங்க. கம்பை ஊனி வாசல் வரைக்கும் நடக்கலாம்."

மொக்கராசு தன் காலைப் பார்த்தான். மண்டியில் அவனுக்குச் சங்கத்து அட்டை இருந்தது, வரிசையில் இடம் இருந்தது, அந்த ஒற்றைக் காலை நம்பி அவன் இன்னும் ஆம்பளையாக உலாவிக்கொண்டிருந்தான். அது போனால் அவன் பவுனு கொண்டுவந்து போடுவதைத் தின்றுகொண்டு மூலையில் கிடக்க வேண்டியதுதான்.

"ஒரு காலுக்கு எம்புட்டு தளிரு வேணும்?" என்று கேட்டான்.

"பாதி."

"மிச்சப் பாதிய என் கால்லயே விட்டுட்டா?"

சகாயராணி படத்தை மறுபடி எடுத்துப் பார்த்தார். "சேர்ந்துடும்," என்றார் கடைசியில். "அஞ்சு மாசத்துல நீங்க தார் தூக்கலாம். ஆனா பாதியை ரெண்டாப் பிரிச்சு அவரோட ரெண்டு கால்லயும் வைக்க முடியாது. வெச்சா ரெண்டும் சேராது. எதுக்குக் கேக்கறீங்க?"

"சும்மாத்தான்," என்றான் மொக்கராசு.

*

பதினொரு மணிக்கு முத்துப்பேச்சி தூக்குவாளியோடு வந்தாள். பவுனு அவளை வாசலிலேயே மறித்துக்கொண்டு கையை நீட்டி நீட்டிப் பேசியதில் விஷயம் உடைந்துவிட்டது என்று அவளுக்குத் தெரிந்துபோயிற்று. ஓடிவந்து அழுது காலில் விழுவாள் என்று மொக்கராசு நினைத்தான். அவள் தூக்குவாளியை மேசைமேல் வைத்து மூடியைத் திறந்தாள்.

"ஆறிப்போயிரும்ணே, குடி."

"ஏண்டி எங்கிட்டப் பொய் சொன்ன?"

"நெசத்தச் சொன்னா குடுத்திருப்பியா?"

மொக்கராசு யோசித்தான். உண்மையாகவே யோசித்தான். "குடுத்தாலும் குடுத்திருப்பேன். நீ கேட்டிருக்கணும்ல."

"மாட்டேன்னு சொல்லிட்டா நான் என்ன பண்றது? எனக்கு நாலு அண்ணனா இருக்காய்ங்க? இருக்குறது நீ ஒருத்தன்." அவள் டம்ளரில் சூப்பை ஊற்றினாள். "நீயே நெனச்சுப் பாருண்ணே. நீ மூட்டை தூக்குறவன். இன்னும் அஞ்சு வருசமோ பத்து வருசமோ, அப்பறம் எப்பிடியும் உக்காரத்தான போற? அவன் இருவத்திரெண்டு வயசுப் புள்ள. எஸ்.ஐ. ஆயிட்டா நம்ம வகையறாவே தலை நிமிந்து நடக்கும். ஒன்னைய நடுத்தெருவுலயா விட்டுருவோம்?"

"இதுக்கு முன்னாடி பதினாலு மாசம் கெடந்தாரே, அப்ப எந்தத் தெருவுல விட்டீக?" என்றாள் பவுனு.

"மதினி, இது எங்க அண்ணன் தங்கச்சி பேச்சு."

மொக்கராசு டம்ளரை வாங்கவில்லை. "எனக்கு லோகேசப் பாக்கணும்," என்றான்.

"தளிரு எடுக்குறதுக்கு முன்னாடி பாக்கக் கூடாதுண்ணே, முறை..."

"பவுனு, வண்டியக் கொண்டா."

பவுனு சக்கர நாற்காலியைக் கொண்டுவந்தாள். இரண்டு வார்டு தாண்டி, ஜன்னலோரக் கட்டிலில் லோகேஸ்வரன் சாய்ந்து உட்கார்ந்து போனில் வீடியோ பார்த்துக்கொண்டிருந்தான். இரண்டு கெண்டைக்காலிலும் வளையங்கள். நல்ல கட்டுமஸ்தான பையன், மீசையை ஒட்ட வெட்டிக் காக்கி உடுப்புக்கு இப்போதே தயாராக இருந்தான். அவனைப் பார்த்ததும் மொக்கராசுக்குத் தன்னையறியாமல் நெஞ்சு இளகியது. தோளில் தூக்கி வைத்துத் திருவிழாக் காட்டிய பிள்ளை. மன்னிச்சிருங்க மாமா என்று அவன் ஒரு வார்த்தை சொன்னால் போதும் என்றிருந்தது.

"மாமா!" லோகேஸ்வரன் வாயெல்லாம் பல்லாகச் சிரித்தான். "பாக்கக் கூடாதும்பாய்ங்களே! அதெல்லாம் சும்மா. வாங்க மாமா. டாக்டரம்மா சொன்னாங்க, ஒங்களுக்குத் தளிரு சூப்பரா வந்திருக்காம்ல?"

"லாரி எங்கடா தட்டுச்சு?"

அவன் ஒரு நொடி முழித்தான். அப்புறம் வெட்கப்பட்டுத் தலையைச் சொறிந்தான். "அம்மாதான் அப்பிடிச் சொல்லச் சொன்னுச்சு. ஊருக்கே தெரியும் மாமா, தட்டெடுத்து வந்தவங்க எல்லாருக்கும் தெரியும். நீங்களும் தெரிஞ்சே தெரியாத மாதிரி பெருந்தன்மையா இருக்கீங்கன்னுல நெனச்சேன்."

மொக்கராசு அவன் காலைச் சுற்றியிருந்த வளையங்களைப் பார்த்தான்.

"ஒங்களுக்கு ஒரு கொறையும் வராது மாமா. நான் ஸ்டேசனுக்குப் போனதும் ஸ்டேசன் வாசல்லயே ஒங்களுக்கு ஒரு டீக்கடை போட்டுத் தாரேன். உக்காந்த எடத்துலயே பாக்குற வேலை. காலே தேவையில்ல." அவன் உற்சாகமாக முன்னால் குனிந்தான். "அடுத்த மாசம் இருவதாந்தேதி செலக்சன். எந்திரிச்சு நின்னேன்னா ஒங்களவிட ஒசரமா இருப்பேன் மாமா!"

"அப்பிடியா," என்றான் மொக்கராசு.

திரும்பி வரும்போது பவுனு குமுறிக்கொண்டே வந்தாள். "மாட்டேன்னு சொல்லிருய்யா. கெடக்கட்டும் ரெண்டு காலும் இல்லாம." மொக்கராசு கட்டிலில் ஏறிப் படுத்ததும், ஆறிப்போன சூப்பை எடுத்து ஒரே மூச்சில் குடித்தான். தளிர் நன்றாகக் கட்டவேண்டும் என்று இப்போது அவனுக்கும் இருந்தது.

*

பதினைந்தாம் நாள் காலை பதினொரு மணி. ஆபரேஷன் தியேட்டருக்கு முன் அறையில் மொக்கராசைத் தள்ளுகட்டிலில் கிடத்தியிருந்தார்கள். மேலே கேமரா. கொடுக்கிறவன் பக்கத்துச் சாட்சியாகப் பவுனு, வாங்குகிறவன் பக்கத்துச் சாட்சியாக முத்துப்பேச்சி. பக்கத்து அறையில் லோகேஸ்வரன் தயாராக இருந்தான், கதவு பாதி திறந்திருந்தது. டாக்டர் மூன்று கேள்வி கேட்டுப் பதிலை எழுத வேண்டும் என்பது சட்டம். சகாயராணி காகிதத்தோடு வந்தார்.

"மொக்கராசு, உங்க தளிரை லோகேஸ்வரனுக்குத் தரச் சம்மதமா?"

"சம்மதம்."

பவுனு தலையில் அடித்துக்கொண்டாள். முத்துப்பேச்சிக்கு முகம் பூத்துவிட்டது. "எங்கண்ணன் குடுக்காம இருக்குமா!" என்று கும்பிட்டாள்.

"யாரோட வற்புறுத்தலும் இல்லாம, விவரம் எல்லாம் தெரிஞ்சுதான் தர்றீங்களா?"

"இப்பத் தெரிஞ்சுதாம்மா தாரேன்."

"எவ்வளவு தர்றீங்க?"

"பாதி."

சகாயராணி எழுதப்போன கையை நிறுத்தினார். அவருக்குப் புரிந்தது. முத்துப்பேச்சிக்குப் புரியச் சற்று நேரம் பிடித்தது. டாக்டர் விளக்கிச் சொல்லச் சொல்ல அவள் முகம் வெளுத்துக்கொண்டே போனது.

"அண்ணே, வெளையாடாதண்ணே. எம்புள்ளைய நொண்டியாக்கிராதண்ணே!"

"நான் நொண்டியாப் போனாப் பரவால்லையாடி?"

"நீயும் அவனும் ஒண்ணாண்ணே?"

"ஒண்ணுதான். அதனாலதான் சமமாப் பிரிக்கிறேன். எனக்கு ஒரு காலு, அவனுக்கு ஒரு காலு. தங்கச்சி கேட்டு இல்லைன்னு சொன்னான்னு நாளைக்கு எவனும் என்னைய ஒரு சொல்லு சொல்ல முடியாது." மொக்கராசின் குரலில் சூடே இல்லை. மண்டியில் தார் எண்ணுகிற குரலில் பேசினான். "எழுதிக்கிருங்கம்மா, பாதி."

சகாயராணி எழுதினார். "எந்தக் காலுக்குன்னும் எழுதணும்," என்றார். "அதை நானே படத்தைப் பாத்து முடிவு பண்ணிக்கறேன். நீங்க சொல்ல வேண்டாம்."

"இல்லம்மா. பேச்சி சொல்லட்டும்."

"வேண்டாங்க. பெத்தவங்க அவங்க."

"அதனாலதான் சொல்றேன். சொன்னாத்தான் பாதி. சொல்லலேன்னா அதுவும் கெடையாது. எனக்குச் சம்மதம் இல்லைன்னு எழுதிக்கிருங்க."

முத்துப்பேச்சி தரையில் உட்கார்ந்துவிட்டாள். மார்பில் அறைந்துகொண்டு அழுதாள். அவன் கட்டிலின் இரும்புக் காலைக் கட்டிப்பிடித்துக்கொண்டு, சின்ன வயசில் அவன் தூக்கி வளர்த்ததையெல்லாம் ஒவ்வொன்றாகச் சொன்னாள். எல்லாம் உண்மைதான். மொக்கராசு தலையணையில் சாய்ந்து அவளைப் பார்த்துக்கொண்டே இருந்தான். பக்கத்து அறையிலிருந்து, "அம்மா! என்னம்மா? என்ன சொல்றாரு மாமா?" என்று லோகேஸ்வரன் கூப்பிட்டான். யாரும் பதில் சொல்லாததால் அவன் குரல் உயர்ந்துகொண்டே வந்தது.

"போதும்யா," என்றாள் பவுனு. "நீ பாதி குடு, வேணாங்கல. இதைக் கேக்காத. பெத்தவ வாயால இதைச் சொல்ல வைக்காத."

"நீ பேசாம இருடி."

சுவர்க் கடிகாரத்தில் பதினொன்று இருபது. பன்னிரண்டு மணிக்குள் எடுத்தாக வேண்டும் என்று நர்ஸ் வந்து சொல்லிவிட்டுப் போனாள். முத்துப்பேச்சி அழுகையை நிறுத்தினாள். பாதி திறந்த கதவைப் பார்த்தாள், பார்க்க முடியாமல் திரும்பிக்கொண்டாள். அப்புறம் தரையைப் பார்த்தபடி உதட்டை மட்டும் அசைத்தாள்.

"கேமராவுல பதிவாகலைங்க," என்றார் சகாயராணி. "சத்தமா சொல்லணும்."

"வலது!" என்று முத்துப்பேச்சி கத்தினாள். "எம்புள்ளைக்கு வலது காலு!"

அதற்கப்புறம் கத்தியது லோகேஸ்வரன்.

*

மத்தியானம் மூன்று மணிக்கு மொக்கராசை வார்டுக்குக் கொண்டுவந்தார்கள். புதிதாக எடுத்த படத்தை சகாயராணி கட்டிலருகே நின்று காட்டினார். எலும்பைச் சுற்றி மிச்சமிருந்த தளிர் பாதி நிலா மாதிரி வெள்ளையாகத் தெரிந்தது. சேர்ந்துவிடும், ஐந்து மாதம் என்று சொல்லிவிட்டு, அவன் முகத்தைப் பார்க்காமல் போய்விட்டார்.

"பாத்தியாடி," என்றான் மொக்கராசு. "எங்காலு எனக்கு நின்னுருச்சு. சித்திரைக்குள்ள மண்டிக்குப் போயிருவேன்." அவனுக்கு வெகு நாளைக்கப்புறம் மனசு லேசாக இருந்தது. அதை மறைக்கவும் அவன் நினைக்கவில்லை.

பவுனு தண்ணீர் டம்ளரை வைத்துக்கொண்டு நின்றாள். நாலு வருஷமாக இந்தக் காலுக்காக ஊரோடும் உறவோடும் சண்டை போட்டவள் அவள்தான். அவள் முகத்தில் சந்தோஷம் ஒன்றையும் காணோம்.

"என்னடி மூஞ்சி?"

"அந்தப் புள்ள கத்துனது ஒனக்குக் கேட்டுச்சாய்யா?"

"கேட்டுச்சு."

"எம்புட்டு நேரம் கத்துனான்..."

மொக்கராசு கண்ணை மூடி, தலையணையில் வசதியாகச் சாய்ந்துகொண்டான். "எனக்கு மயக்க ஊசியக் கொஞ்சம் சீக்கிரம் போட்டுட்டாங்க," என்றான். "இன்னும் செத்த நேரம் கேட்டிருக்கலாம்."

பவுனு டம்ளரைக் கட்டிலுக்கு எட்டாத தூரத்தில் ஜன்னல்மேல் வைத்துவிட்டு வெளியே போனாள்.